பொன் உருக்க முதல்

என்ரை ராசா,

மூண்டு எஸ்-பான் ரயில் தரிப்பிடம் தள்ளி இருக்கிற பிள்ளைக்குத் தாய் கடிதம் எழுதுறாள் எண்டால் கேக்கிறவைக்குச் சிரிப்பாத்தான் இருக்கும். போனை எடுத்தால் உன்ரை குரல், ஞாயிற்றுக்கிழமை கதவைத் திறந்தால் உன்ரை முகம், பிறகேன் இந்த மனிசி பேனையைத் தூக்கினவள் எண்டு நீயும் நினைப்பாய். காரணம் இருக்கு. அதைக் கடைசியிலை சொல்லுறன். இப்பவே அதை எழுதினால் எனக்கு மிச்சம் எழுத ஏலாமல் போயிடும். குசினி மேசையிலை இருந்துதான் எழுதுறன். சோறு வடிச்சாச்சு, பருப்பு அடுப்பிலை கிடக்கு. எழுத்தைப் பெரிசா, தனித்தனியா எழுதுறன், ஏன் எண்டால் நீ தமிழை எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பாய். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு நீ போன வடிவு எனக்குத் தெரியாதே? பைக்குள்ளை தமிழ்ப் புத்தகத்துக்கு மேலை உன்ரை ஊத்தைச் சப்பாத்துக் கிடக்கும், வகுப்பு முடிய முதலே நீ மைதானத்துக்கு ஓடியிருப்பாய். ஆறுதலா வாசி. விளங்காட்டில் திரும்ப வாசி.

நான் சொல்ல வந்த விசயம் ஒண்டுதான். வாற மாதம் உனக்கும் ஆரணிக்கும் கலியாணம். அதுக்கு முதல், இன்னும் ரெண்டு கிழமையிலை, என்ரை வீட்டிலை உனக்குப் பொன்னுருக்கு. பத்தர் வந்து, தாலிக்குரிய பொன்னை எங்கடை கண் முன்னாலை உருக்கித் தருவார். உன்ரை ஜேர்மன் சிநேகிதருக்கு இது ஒரு சின்னச் சடங்கு மாதிரித் தெரியும், வீட்டுக்குள்ளை நெருப்பு வைக்கப் போறியளோ, புகை மணி அடிக்காதோ எண்டு அவங்கள் உன்னைப் பகிடி பண்ணினதை நீயே வந்து சொன்னனீ. எங்களுக்கு அது அப்பிடியில்லை. பொன் உருக்கின பிறகு கலியாணம் வரைக்கும் பொம்பிளையும் மாப்பிளையும் ஒருத்தரை ஒருத்தர் பாக்கிறேல்லை. அதுக்குப் பிறகு ஒருத்தரும் பின்வாங்கிறதும் இல்லை. சபையிலை தாலி கட்டுறது பிறகு. எங்கடை ஆக்களின்ரை மனசிலை கலியாணம் முடியிறது பொன்னுருக்கிலைதான். அந்தப் பொன் உருக முதல் உன்ரை தலையிலை இருக்கிற வருத்தத்தை, அந்த நோயை, நீ ஆரணிக்குச் சொல்லிப்போட வேணும். டொக்டர் எங்களுக்குச் சொன்னதை, கூட்டாமல் குறைக்காமல், உன்ரை வாயாலை சொல்ல வேணும். இவ்வளவும்தான் கடிதம். மிச்சமெல்லாம் ஏன் எண்டதுதான்.

நீ முதல் முதல் 'ஃபுட்போல் விளையாடப் போறன்' எண்டு சொன்னபோது, பள்ளிக்கூடத்திலை எல்லாப் பெடியளும் உதைக்கிற பந்து எண்டுதான் நானும் அப்பாவும் நினைச்சனாங்கள். மரவள்ளிப் பொரியலும் போத்திலிலை தேத்தண்ணியும் கட்டிக்கொண்டு உன்ரை முதல் ஆட்டத்துக்கு வந்து நிண்டால், அது அமெரிக்காக்காரரின்ரை ஃபுட்போலாம், தலைக்கவசத்துக்குள்ளை என்ரை பிள்ளை எது எண்டே எனக்குத் தெரியேல்லை. ஒருத்தரை ஒருத்தர் முட்டி விழுத்துறியள், எழும்புறியள், கூடி நிண்டு கதைக்கிறியள், பேந்தும் போய் முட்டுறியள். இதிலை விளையாடுற நேரத்தை விடக் கதைக்கிற நேரம்தான் கூட எண்டு நான் அப்பாட்டைச் சொன்னனான். கடைசியிலை உனக்கும் அந்தக் கதைக்கிற வேலைதான் வாய்ச்சது. ஆனால் உண்மையைச் சொல்லுறன், நீ பந்தை நெஞ்சோடை அணைச்சுக்கொண்டு ஓடேக்கை எனக்கு உடம்பெல்லாம் ஒரு மாதிரி ஆகும். அகதி எண்டு முத்திரை குத்தின வீட்டிலை பிறந்த பிள்ளை, எவ்வளவு பேர் மறிச்சாலும் நிக்காமல் ஓடுறான் எண்டு ஒரு பெருமை. அந்தப் பெருமையிலைதான் நான் உன்னை மறிக்கேல்லை.

பிறகு அமெரிக்காக்காரர் சம்பளம் குடுத்து இஞ்சை குழு நடத்தின காலத்திலை உன்னையும் எடுத்தவை. அங்கையிருந்து வந்த பெடியள்தான் கனக்க, இஞ்சத்தைப் பெடியள் ஒரு சிலர், அதுக்குள்ளை நீ ஒருத்தன். ஊன்ட்றொப் கோயில் தேருக்குப் போனால் ஆக்கள் கேப்பினம், மகன் என்ன செய்யிறார் எண்டு. சம்பளத்துக்கு விளையாடுறார் எண்டு அப்பா சொல்லுவார். 'அது சரி, வேலை என்ன?' எண்டு பேந்தும் கேப்பினம். அப்பா அர்ச்சனைத் தட்டைப் பிடிச்சுக்கொண்டு திரும்பவும் அதையே சொல்லுவார், முகத்திலை ஒரு சிரிப்போடை. அப்பாவுக்கு உன்னிலை அவ்வளவு விருப்பம். ஆனால் நீ விளையாடேக்கை அவர் ஒரு நாளும் கதிரையிலை இருந்ததில்லை. எழும்பி நிண்டு, ரெண்டு கையாலையும் தன்ரை தலையைப் பொத்திக்கொண்டு நிப்பார். பின்னுக்கு இருக்கிற சனம் இரு, இரு எண்டு கத்தினாலும் இருக்க மாட்டார்.

நீ மற்றக் குழுப் பெடியள் இருக்கிற வாங்கிலை போய் இருந்த கதை இப்ப ஜேர்மனி முழுக்கத் தெரியும். டிவியிலை நீயே எத்தினை தரம் சொல்லியிருப்பாய். ஒருத்தன் வந்து மோதி, நீ விழுந்து, கொஞ்ச நேரம் அப்பிடியே கிடந்து, பேந்து எழும்பி வடிவா நடந்துபோய் எதிர்க்குழுப் பெடியளுக்கு நடுவிலை இருந்து, அவங்களின்ரை தண்ணிப் போத்திலை வாங்கிக் குடிச்சனீ. மைதானம் முழுக்கச் சிரிச்சது. உன்ரை பயிற்சியாளர் வந்து கையைப் பிடிச்சு இழுத்துக்கொண்டு போனவர். நானும் சிரிச்சனான், வயிறு நோகச் சிரிச்சனான். அப்பா சிரிக்கேல்லை. வீட்டை வந்து சப்பாத்தைக் கழட்டேக்கை, 'இஞ்சரும், அவன் பகிடிக்குப் போகேல்லை, அவனுக்கு இடம் தெரியேல்லை' எண்டு சொன்னவர். தலைக்குள்ளை விளக்கு நூந்து நூந்து பத்துறது என்னெண்டு அந்த மனிசனுக்குத் தெரியும். அடுத்த கிழமை நீ திரும்பவும் விளையாடினனீ. எழும்பி நிக்க ஏலுமெண்டால் விளையாடலாம் எண்டதுதான் அப்பத்தைய நினைப்பு. ஒருத்தரும் கெட்ட மனசோடை செய்யேல்லை, அதாலை எனக்கு ஆரையும் திட்டக்கூட வழியில்லை.

அந்தக் குழு மூடுப்பட்ட பிறகு நீ பட்ட பாட்டை நான் மறக்கேல்லை. பகலிலை விமான நிலையத்திலை பெட்டி தூக்கி, பின்னேரத்திலை இஞ்சத்தைக் குழுவோடை விளையாடி, முழங்கால் போய், அதோடை எல்லாம் முடிஞ்சுது எண்டு நீ கட்டிலிலை குப்புறக் கிடந்த நேரத்திலைதான் அந்த டிவிக்காரர் கூப்பிட்டவை. இந்த விளையாட்டு என்னத்துக்கு, எதுக்கு விசில் ஊதுறான் எண்டு ஜேர்மன் சனத்துக்கு விளங்கப்படுத்த ஒரு ஆள் தேவை எண்டு. அதுக்குப் பிறகு உன்ரை வாய்தான் உன்ரை சோறு. ஞாயிற்றுக்கிழமை இஞ்சை சாப்பிட்டிட்டு ஸ்டூடியோவுக்குப் போக முதல், கலர்க் காட்டுகளிலை, சின்னச் சின்ன மட்டையளிலை, விளையாடுற பெடியளின்ரை பேரெல்லாம் எழுதி வச்சுக்கொண்டு, குளிக்கேக்கையும் சத்தமாச் சொல்லிப் பாப்பாய். கீழ் வீட்டு மனிசி ஒருநாள் மறிச்சு, உங்கடை மகன் ஆரோடை குளிக்கிறார் எண்டு கேட்டவ. றோட்டிலை முன்பின் தெரியாத ஜேர்மன்காரர் உன்னை மறிச்சுக் கை குடுத்தால், நான் பக்கத்திலை மரக்கறிப் பையோடை நிண்டு, நான்தான் தாய் எண்டு சொல்லாமல் சொல்லிக்கொண்டு நிப்பன்.

இந்த விளையாட்டு எனக்கு இண்டைக்கும் விளங்காது. ஆனால் நீ மூச்சு எடுக்கிற இடம் எனக்குத் தெரியும். அதாலைதான் எனக்கு முதல் பிடிபட்டது. போன மாரியிலை ஒருநாள் நீ ஒரு பெடியன்ரை பேரைச் சொன்னனீ, உன்னோடை இருக்கிறவர் சிரிச்சு, அவர் விளையாட்டை விட்டுக் கனகாலம் எண்டு சமாளிச்சார். பேந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை, பாதி வசனத்திலை நீ நிண்டிட்டாய். சனம் நினைச்சிருக்கும், ஆட்டம் சூடு பிடிச்சிட்டுது, அவர் பேசாமல் பாக்கிறார் எண்டு. நான் கரண்டியோடை டிவிக்கு முன்னாலை நிண்டு, கதை மோனை, கதை மோனை எண்டு சொல்லிக்கொண்டு நிண்டன். பிறகு தேத்தண்ணிக்குச் சீனி போட்டனீங்களோ எண்டு கேட்டதையே திரும்பத் திரும்பக் கேட்டாய். ஸ்டூடியோவுக்கு வெளிக்கிட்டவன், இடிச்சுப்போட்ட பழைய மைதானத்துக்குப் போய் வாசல் தேடிக்கொண்டு நிண்டு எனக்குப் போன் எடுத்தாய். சிரிச்சுக்கொண்டுதான் எடுத்தாய். நானும் சிரிச்சுக்கொண்டு வழி சொன்னனான். போனை வச்சிட்டு டொக்டரின்ரை நம்பரைத் தேடினன்.

டொக்டரின்ரை டெர்மீனுக்கு, அவ குறிச்சுத் தந்த நாளிலை, ரெண்டு பேரும்தான் போனனாங்கள். சின்னப் பிள்ளை மாதிரி ஒரு பொம்பிளை டொக்டர், பொறுமையாச் சொன்னவ. வருசக்கணக்கா வாங்கின அடி சேந்து மூளையைத் தாக்கியிருக்க வேணும் எண்டுதான் தாங்கள் நினைக்கிறம், எவ்வளவு கெதியாப் போகும் எண்டு ஒருத்தராலையும் சொல்ல ஏலாது, போனது திரும்பி வராது எண்டு. என்ரை ஜேர்மன் அரைகுறைதான். ஆனால் அவ கடைசி வசனத்தை உன்னைப் பாத்துச் சொல்லேல்லை, என்னைப் பாத்துச் சொன்னவ. அதிலை எனக்கு எல்லாம் விளங்கிச்சுது. ரயிலிலை திரும்பி வரேக்கை நீ என்ரை கையைப் பிடிச்சுக்கொண்டு, 'அம்மா, ஆரணிக்கு இப்ப சொல்ல வேண்டாம், கலியாணம் முடியட்டும்' எண்டு சொன்னாய். நாப்பது வயசு ஆம்பிளை, பெரிய உடம்பு, என்ரை தோளிலை சாஞ்சுகொண்டு கெஞ்சினாய். நான் வாயே திறக்கேல்லை. நீ அதை ஓம் எண்டு எடுத்திட்டாய்.

பொய் சொல்ல மாட்டன், எனக்கும் மறைக்கத்தான் விருப்பம். உனக்கு ஒருத்தி வேணும் எண்டு நான் கும்பிடாத கோயில் இல்லை. அவள் தமிழ்ப் பள்ளிக்கூடத்திலை படிப்பிக்கிற பிள்ளை. அங்கை பிள்ளையளோடை கதைக்க உன்னைக் கூப்பிட்ட இடத்திலை, நீ பலகையிலை கிடந்த தமிழைப் பிழையா வாசிக்க, அவள் எல்லாருக்கும் முன்னாலை உன்னைத் திருத்தினவளாம். அதைச் சொல்லேக்கை உன்ரை முகத்திலை இருந்த வெளிச்சத்தை நான் அதுக்கு முதல் கண்டதில்லை. பொன்னுருக்குக்கு நான் முன்னுக்கு நிக்கக் கூடாது, தாலி அறுத்தவள் எண்டு ஆக்கள் குசுகுசுத்ததைக் கேட்டிட்டு, 'மாமி முன்னுக்கு நிக்காட்டில் எனக்கு அந்தத் தாலியே வேண்டாம்' எண்டு தன்ரை தாய்க்கே முகத்துக்கு நேரை சொன்னவள். அப்பிடிப்பட்ட பிள்ளையைப் பேய்க்காட்டச் சொல்லி என்னைக் கேக்கிறாய். போன கிழமை அவளின்ரை தாய் போன் எடுத்தவ. எங்கடை ஆக்கள் எதையும் நேர கேக்க மாட்டினமே, மண்டபச் சோடினையிலை தொடங்கி, சாப்பாட்டுக்குப் போய், கடைசியிலை, 'தம்பி முந்தி அடிபட்டு விளையாடினவர், இப்ப உடம்புக்குச் சுகம்தானே அக்கா?' எண்டு கேட்டவ. கறி அடிப்பிடிக்குது, பேந்து எடுக்கிறன் எண்டு வச்சிட்டன். அடுப்பிலை ஒண்டும் இருக்கேல்லை. பேந்து நான் எடுக்கவுமில்லை.

இனிச் சொல்லப்போறதை, உன்னைத் தவிர இந்த உலகத்திலை ஒருத்தருக்கும் நான் சொன்னதில்லை. அப்பாவுக்கு வலிப்பு இருந்தது உனக்குத் தெரியும், அவர் ஏன் கார் ஓடேல்லை, தேயிலைப் பேணிக்குப் பக்கத்திலை ஏன் குளிசைப் பேணி இருந்தது எண்டெல்லாம் பாத்து வளந்தனீ. கலியாணத்துக்கு முதலே எனக்கு அது தெரியும் எண்டுதான் நீயும் நினைச்சிருந்தனீ, அவரும் நினைச்சிருந்தார். எனக்குத் தெரியாது மோனை. எங்கடை பொன்னுருக்கு ஊரிலை அவரின்ரை தாய் வீட்டிலை நடந்தது. மாப்பிளை இஞ்சை அகதி முகாமிலை, அவரின்ரை படத்துக்கு முன்னாலை பொன் உருக்கினவை. தாலியை ஒருத்தர் கையிலை குடுத்து அனுப்பி, என்னை ஏஜென்சிக்காரனோடை அனுப்பி, இஞ்சை ஒரு தேவாலய மண்டபத்தை வாடகைக்கு எடுத்து, தெரியாத சனத்துக்கு நடுவிலை எனக்குத் தாலி ஏறினது. வந்து கொஞ்ச நாளிலை, அந்த ஹைமிலை, அதுதான் அகதி முகாமிலை, எல்லாருக்கும் பொதுவான குசினியிலை, வெங்காயம் வெட்டிக்கொண்டு நிண்ட மனிசன் அப்பிடியே விழுந்தார். கை கால் இழுக்குது, வாயிலை நுரை. செத்துப்போனார் எண்டுதான் நான் நினைச்சனான். பாஷை தெரியாத ஊர், ஆரைக் கூப்பிடுறது எண்டும் தெரியேல்லை. அவரின்ரை தலையைத் தூக்கி என்ரை மடியிலை வச்சுக்கொண்டு இருந்தன்.

கண் முழிச்சவர் என்னைப் பாத்துச் சிரிச்சார். 'பயந்திட்டீரோ? உமக்குத் தெரியும்தானே, உம்மடை ஐயா சொன்னவர்தானே' எண்டு கேட்டார். அவர் என்ரை ஐயாவுக்கு, உன்ரை அம்மப்பாவுக்கு, எல்லாத்தையும் வடிவா எழுதினவராம், பிள்ளைக்குச் சொல்லிச் சம்மதம் கேட்டுத்தான் பொன் உருக்க வேணும் எண்டு. சொல்லியாச்சு, பிள்ளைக்குப் பூரண சம்மதம் எண்டு ஐயா மறுகடிதம் போட்டவராம். ஐயா எனக்கு ஒரு சொல்லும் சொல்லேல்லை. ஷெல்லுக்குள்ளை இருந்து பெட்டை தப்பினால் காணும், பொன் உருக்கியாச்சு, இனி என்னத்துக்கு அந்தக் கதை எண்டு நினைச்சிருப்பார். ஐயாவுக்குத் தெரியும், என்ரை ஆச்சிக்குத் தெரியும், பொன்னுருக்குக்கு வந்து வெத்திலை வாங்கினவைக்கெல்லாம் தெரியும். கலியாணம் கட்டப்போன எனக்கு மட்டும் தெரியாது. அவ்வளவு கோவம் எனக்கு வந்தது. ஆனால் அந்த மனிசன்ரை முகத்தைப் பாத்தன். இவள் எல்லாம் தெரிஞ்சுகொண்டுதான் என்னட்டை வந்தவள் எண்டு நம்பிக்கொண்டு படுத்திருக்கிறார். 'ஓம், எனக்குத் தெரியும்' எண்டு சொன்னன்.

அந்த ஒரு சொல்லிலைதான் அவர் சாகும் வரைக்கும் வாழ்ந்தவர். எனக்கு ஒரு காய்ச்சல் வந்தால் பதறுவார், நான் ஏசினாலும் கோவிக்க மாட்டார். ஏன் எண்டு கேட்டால், என்னை அறிஞ்சு வந்தவளப்பா நீர் எண்டு சொல்லுவார். நெஞ்சு நோவோடை ஆஸ்பத்திரியிலை கிடக்கேக்கையும் என்ரை கையைப் பிடிச்சுக்கொண்டு அதைத்தான் சொன்னவர். நான் தலையை ஆட்டினனான். இப்ப நான் கேக்கிறன், ஐயா என்னைக் கேட்டிருந்தால் நான் ஓம் எண்டிருப்பனோ? எனக்குத் தெரியாது ராசா. இருபத்தி ரெண்டு வயசுப் பெட்டை, பயந்து மாட்டன் எண்டும் சொல்லியிருப்பன். அப்பிடிச் சொல்லியிருந்தால் நீயும் இல்லை. அவரிலை நான் உயிரையே வச்சிருந்தனான், அது பொய்யில்லை. ஆனால் அவரை நான்தான் தெரிஞ்செடுத்தனான் எண்டு எனக்கே நான் சொல்ல ஏலாமல் பண்ணிப்போட்டினம். கட்டினவளுக்கு அந்த ஒண்டுதான் சொந்தம். நோயைப் பாக்கிறது, மூத்திரம் அள்ளுறது, அதெல்லாம் செய்யலாம், சிரிச்சுக்கொண்டே செய்யலாம், நானாத்தான் வந்தனான் எண்டு நெஞ்சிலை இருந்தால். அது இல்லாட்டில் ஒவ்வொரு நாளும் ஒரு சின்ன இடம் எரியும். என்ரை நெஞ்சிலை இண்டைக்கும் எரியுது.

அதாலை, சொல்லு. டிவியிலை கதைக்கிற மாதிரிச் சொல்லாதை. அந்த வாங்குக் கதையைப் பகிடியாச் சொல்லி, அவளைச் சிரிக்க வச்சு, சிரிப்புக்குள்ளை வருத்தத்தை ஒளிச்சு வைக்காதை, உனக்கு அது நல்லா வரும் எண்டு எனக்குத் தெரியும். தமிழிலை ஏலாட்டில் ஜேர்மனிலை சொல்லு. பழைய மைதானத்திலை வாசல் தேடினதைச் சொல்லு. டொக்டரட்டை அவளையும் கூட்டிக்கொண்டு போ, அவள் கேக்கிறதெல்லாம் கேக்கட்டும். யோசிக்க நேரம் கேட்டால் குடு, போன் எடுத்து அரியண்டம் பண்ணாதை. அவள் ஏலாது எண்டு சொன்னால், மறிக்காதை. அவளிலை ஒரு சொல்லும் பிழையாச் சொல்லாதை, நானும் சொல்ல மாட்டன். மண்டபத்துக்குக் காசு குடுத்தது, ஆக்களுக்குச் சொன்னது, கோயிலிலை சனம் கதைக்கிறது, அதெல்லாத்தையும் நான் பாத்துக்கொள்ளுறன். எனக்கு இந்தச் சனத்தோடை சண்டை பிடிச்சுப் பழக்கம் இருக்கு.

ஆனால் அவள் போனால் என்ரை நெஞ்சு வெடிக்கும். அதையும் எழுதத்தான் வேணும். எனக்கு வயசு போகுது. நான் இல்லாத ஒருநாள் நீ கதவுத் திறப்பைக் கையிலை வச்சுக்கொண்டு, எந்தக் கதவு எண்டு தெரியாமல் நிப்பாய் எண்டு நினைச்சால், கையிலை எடுத்த சோத்தைத் திருப்பிக் கோப்பையிலை போட்டிடுறன். பிள்ளைக்கு முதல் தாய் போறதுதான் முறை எண்டு சொல்லுவினம். எனக்கு இப்ப அந்த முறை வேண்டாம். உன்னைக் கடைசி வரைக்கும் பாத்து முடிச்சுப்போட்டுத்தான் நான் போக வேணும் எண்டு கடவுளிட்டைக் கேக்கிறன். ஒரு தாய் கேக்கக் கூடாததைக் கேக்கிறன். இவ்வளவு பயத்தோடையும்தான் சொல்லுறன், அவளைக் கேக்காமல் அவளைக் கட்டிப்போடாதை.

சரி, ஏன் எழுதுறன் எண்டு கடைசியிலை சொல்லுறன் எண்டனே, சொல்லுறன். இதெல்லாம் உனக்கு நான் நேர சொன்னனான் ராசா. போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, இடியப்பமும் சொதியும் சாப்பிட்டு முடிஞ்ச பிறகு, இதே மேசையிலை வச்சு, அப்பான்ரை கதை எல்லாம் சொன்னனான். நாப்பது வருசமா வாய்க்குள்ளை வச்சிருந்ததைச் சொன்னனான். நீ மேசையிலை தலையைக் கவிட்டு வச்சு அழுதாய். 'அப்பாக்குக் கடைசி வரைக்கும் தெரியாதோ?' எண்டு கேட்டாய். தெரியாது எண்டன். என்ரை ரெண்டு கையையும் பிடிச்சு, நாளைக்கே ஆரணிக்குச் சொல்லுறன் அம்மா எண்டு சத்தியம் பண்ணினாய். அடுத்த ஞாயிறு வந்தாய். சொன்னியோ எண்டு கேட்டன். என்னத்தை எண்டு கேட்டாய். எனக்கு வந்ததே கோவம், தப்பப் பாக்கிறான் எண்டு நினைச்சு, கண்டபடி ஏசினன், கொப்பருக்குப் பிறந்த பிள்ளையோ எண்டுகூடக் கேட்டுப்போட்டன். நீ திருப்பி ஏசேல்லை. கரண்டியைப் பிடிச்சபடி என்னைப் பாத்தாய். அப்பத்தான் எனக்கு விளங்கினது. நீ தப்பப் பாக்கேல்லை. உனக்கு அந்த ஞாயிற்றுக்கிழமையே இல்லை.

திரும்பவும் முதலிலையிருந்து சொன்னன். நீ அதே இடத்திலை, அதே மாதிரித் தலையைக் கவிட்டு அழுதாய். 'அப்பாக்குக் கடைசி வரைக்கும் தெரியாதோ?' எண்டு கேட்டாய். அதே மாதிரி என்ரை கையைப் பிடிச்சுச் சத்தியம் பண்ணினாய். அதுக்குப் பிறகும் ஒரு ஞாயிறு வந்து போச்சு. சொதி நல்லாயிருக்கு அம்மா எண்டு சொல்லி, சிரிச்சுக்கொண்டு ஸ்டூடியோவுக்குப் போனாய். நான் ஒண்டும் கேக்கேல்லை. உன்னை இன்னொருக்கா முதல் தரமா அழவைக்க எனக்கு ஏலாது மோனை.

அதாலை எழுதுறன். இதை வாசிச்ச உடனை மடிச்சு, உன்ரை கலர்க் காட்டுகளோடை சட்டைப் பைக்குள்ளை வை. சனிக்கிழமை பள்ளிக்கூடம் முடிய ஆரணியைப் போய்ப் பார். அவளைக் கண்டோடனை என்ன சொல்ல வந்தனீ எண்டு மறந்துபோனால் பயப்பிடாதை, வெக்கப்படாதை. பைக்குள்ளை கையை வை, இந்தக் கடிதம் இருக்கும். அதை எடுத்து அவளின்ரை கையிலை குடு. அவளுக்குத் தமிழ் நல்லா வாசிக்கத் தெரியும்.

ஆரணி, பிள்ளை, நீ இதை வாசிக்கிறாய் எண்டால், அவன் உனக்குச் சொல்லத்தான் வந்தவன். இந்த மாமிக்காக ஒண்டும் செய்யாதை. வடிவா யோசியம்மா. பொன் இன்னும் உருக்கேல்லை.